வேர் இருக்க, விடுதலை உண்டா?

1948 ஜூன் மாதம் ‘நியூ இங்கிலாந்து ஜர்னல் ஆஃப் மெடிசின்’ இதழில் பாஸ்டன் மருத்துவர் சிட்னி ஃபார்பரும் அவருடைய சகாக்களும் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். ரத்தப் புற்றுநோயால் சாகக் கிடந்த 16 குழந்தைகளுக்கு அமினோப்டெரின் என்ற புதிய மருந்தைக் கொடுத்ததில் 10 குழந்தைகளிடம் நோய் பின்வாங்கியிருந்தது. படுக்கையை விட்டு எழாத பிள்ளைகள் எழுந்து நடந்தார்கள். அதற்கு முன் அந்த நோயின் முன்னால் மருத்துவர்கள் கைகட்டி நின்றதே வரலாறு. வேறு யாராக இருந்தாலும் ‘குணம் கண்டோம்’ என்று கூவியிருப்பார்கள். ஃபார்பர் குழு தலைப்பிலேயே ‘தற்காலிக ரெமிஷன்கள்’ என்று எழுதியது. ரெமிஷன் என்றால் நோய் அடங்கியிருப்பது, அதுவும் தற்காலிகமாக. அந்த நேர்மை இன்று படிக்கும்போதும் மனத்தை அசைக்கிறது.

அந்த மருந்து பிறந்தது அமெரிக்காவின் லெடர்லி ஆய்வுக்கூடத்தில். அங்கே ஆராய்ச்சிக்குத் தலைமை தாங்கியவர் யெல்லாப்பிரகட சுப்பாராவ். ஆந்திரத்தின் பீமவரத்தில் பிறந்தாலும் அவரை உருவாக்கியது சென்னை. இந்து உயர்நிலைப் பள்ளி, மாநிலக் கல்லூரி, மெட்ராஸ் மருத்துவக் கல்லூரி என்று படித்தவர். இளமையில் ராமகிருஷ்ண மடத்தில் சேர்ந்து துறவியாக ஆசைப்பட்டவர். அமெரிக்காவுக்குக் கப்பலேறுவதற்கு முன் சென்னை ஆயுர்வேதக் கல்லூரியில் உடற்கூறு கற்பித்தவர். ஃபார்பரின் கட்டுரை வெளிவந்து இரண்டே மாதங்களில், 1948 ஆகஸ்டில், அவர் காலமானார்.

மூன்று ஆண்டுகள் கழித்து அதே அமினோப்டெரின் சோரியாசிஸ் என்ற தோல் நோயின் கதைக்குள் நுழைந்தது. 1951இல் கப்னர் என்ற அமெரிக்க மருத்துவர் மூட்டுவாத நோயாளிகளுக்கு அதைக் கொடுத்துப் பார்த்தார். மூட்டு ஒருபுறம் இருக்க, சோரியாசிஸும் உள்ளவர்களின் தோலிலிருந்து தடித்த செதில்கள் மளமளவென்று மறைந்தன. அமினோப்டெரினின் உடன்பிறப்பான மெத்தோட்ரெக்சேட் அதன்பின் அந்த இடத்தைப் பிடித்தது. 1972இல் சோரியாசிஸுக்கு அமெரிக்க அரசின் ஒப்புதல் பெற்றது. இன்றும் நம் ஊர் தோல் மருத்துவர்கள் மிகுதியாக எழுதும் மருந்துகளில் அது ஒன்று. வாரத்துக்கு ஒரு நாள் மட்டும் சாப்பிட வேண்டிய மாத்திரை. தவறுதலாகத் தினமும் சாப்பிட்டால் உயிருக்கே ஆபத்து என்பதை இங்கே சொல்லாமல் கடந்து போகக் கூடாது.

மருந்தோடு சேர்ந்து ‘ரெமிஷன்’ என்ற சொல்லும் தோல் நோய்ப் பிரிவுக்குக் குடிவந்தது. தமிழில் நோய்த் தணிவு எனலாம். ஆனால் வாசலில் வரிசையில் நிற்பவர்கள் அதைவிடத் துல்லியமாகப் பேசுகிறார்கள். ‘இப்ப அடங்கியிருக்கு’ என்பார்கள். ‘ஆறு மாசமா தலைகாட்டலை’ என்பார்கள். குளிர்காலத்திலோ வீட்டில் ஒரு துக்கம் நேர்ந்த பிறகோ வந்தால் ‘மறுபடியும் கிளம்பிடுச்சு’ என்பார்கள். பல ஆண்டுகள் இந்த நோயோடு வாழ்ந்தவர் எவரும் ‘தீர்ந்துபோச்சு’ என்ற வார்த்தையை அவ்வளவு எளிதில் வாயில் எடுப்பதில்லை. அது பயம் அல்ல, அனுபவம் தந்த அறிவு.

சித்த மருத்துவர்கள் காளாஞ்சகப்படை என்று இனங்காணும் இந்த நோயில் தோல் தன் கால அளவை இழந்துவிடுகிறது. மேல்தோலின் செல்கள் அடியில் பிறந்து மேலேறி உதிர ஏறத்தாழ ஒரு மாதம் ஆகும். சோரியாசிஸ் உள்ள இடத்தில் மூன்று முதல் ஐந்து நாட்களில் அந்தப் பயணம் முடிந்துவிடுகிறது. முதிராத செல்கள் அடுக்கடுக்காகக் குவிந்து வெள்ளிச் செதில்களாகின்றன. தூண்டிவிடுவது நோய் எதிர்ப்பு மண்டலம். கிருமி இல்லை, எனவே தொற்றும் இல்லை. 2014 மே மாதம் உலக சுகாதாரப் பேரவை ஒரு தீர்மானம் இயற்றியது. இது தொற்றாத, நாள்பட்ட, வலி தரும், உருக்குலைக்கும், முடக்கும் நோய் என்றும், இதற்கு முழுக்குணம் இல்லை என்றும் அதில் ஒப்புக்கொண்டது.

முழுக்குணம் இல்லாத நோயில் ‘நன்றாகிவிட்டது’ என்பதை எப்படி அளப்பது? 1978இல் ஃப்ரெட்ரிக்சன், பெட்டர்சன் என்ற இரு மருத்துவர்கள் ஒரு புதிய மருந்தைச் சோதிப்பதற்காக ‘பாசி’ என்ற மதிப்பெண் முறையை வகுத்தார்கள். உடலைத் தலை, கைகள், நடுவுடல், கால்கள் என நான்காகப் பிரித்து, ஒவ்வொன்றிலும் சிவப்பு, தடிப்பு, செதில் ஆகியவற்றையும் பரவிய பரப்பையும் மதிப்பிட்டு 0 முதல் 72 வரை எண் போடுவார்கள். தொடக்க மதிப்பெண்ணில் முக்கால் பங்கு குறைந்தால் ‘பாசி 75’. நீண்ட காலம் அதுதான் வெற்றியின் எல்லைக்கல். 2004இல் எட்டனர்செப்ட், 2009இல் உஸ்டெகினுமாப், 2015இல் செகுகினுமாப் என்று ‘பயாலஜிக்ஸ்’ எனப்படும் உயிரி மருந்துகள் ஒன்றன்பின் ஒன்றாக ஒப்புதல் பெற்றபோது எல்லைக்கல் நகர்ந்தது. பாசி 90 கேட்டார்கள், பிறகு பாசி 100 கேட்டார்கள். இந்தியாவின் பயோகான் நிறுவனமும் 2013இல் ஐடோலிசுமாப் என்ற மருந்தைச் சோரியாசிஸுக்காகக் கொண்டுவந்தது.

அண்மையில் அமெரிக்காவின் நேஷனல் சோரியாசிஸ் ஃபவுண்டேஷன், மருத்துவர்களையும் நோயாளிகளையும் கலந்து, ரெமிஷன் என்றால் என்ன என்று வரையறை செய்தது. சிகிச்சை தொடரும்போதே தோலில் நோயின் அடையாளம் ஒன்றுகூட இல்லாமல் குறைந்தது ஆறு மாதங்கள் இருந்தால் அது ‘சிகிச்சையின் கீழ் ரெமிஷன்’. மருந்தை நிறுத்திய பின்னும் தோல் தெளிவாக நிற்பது வேறு, அதற்குத் தனி வரையறை வேண்டும் என்று பிரித்துவிட்டார்கள்.

இந்த இடத்தில்தான் மருத்துவம் தத்துவத்தின் வீட்டு வாசலை மிதிக்கிறது. ஊசியோ மாத்திரையோ தொடர்ந்து கொண்டிருக்கிறது. தோலில் ஒரு புள்ளி இல்லை. அந்த மனிதர் நோயாளியா, நோயற்றவரா?

‘வெளியே தெரியவில்லை என்றால் நோய் இல்லை’ என்று சொல்லிவிடலாம் என்றால், தோலுக்கு அடியில் நடப்பது விடவில்லை. ஸ்டாக்ஹோமின் கரோலின்ஸ்கா நிலைய ஆய்வாளர்கள் சிகிச்சையால் முற்றிலும் தெளிந்த தோலை எடுத்து ஆராய்ந்து 2014இல் முடிவுகளை வெளியிட்டார்கள். பார்வைக்கு எந்தக் குறையும் இல்லாத அந்தத் தோலில், முன்பு படை இருந்த அதே இடத்தில், நோயைத் தூண்டும் நினைவுச் செல்கள் குடியிருந்தன. வருடக்கணக்கில் சிகிச்சை பெற்றவர்களிடமும் இருந்தன. நியூயார்க்கின் ராக்கஃபெல்லர் பல்கலைக்கழகக் குழு அதற்கு முன்பே, 2011இல், ஆறிய தோலில் நோயோடு தொடர்புடைய மரபணுக்களில் ஒரு பகுதி இன்னும் பழைய நிலைக்குத் திரும்பவில்லை என்று காட்டியிருந்தது. ‘மூலக்கூற்றுத் தழும்பு’ என்றே அதற்குப் பெயர் வைத்தார்கள். நோய் திரும்பும்போது பெரும்பாலும் பழைய இடத்திலேயே, அதே முழங்கையில், அதே முழங்காலில் வருவதன் காரணம் இதில் இருக்கிறது. குசெல்குமாப் என்ற உயிரி மருந்தின் பெரிய சோதனை ஒன்றில், நன்கு தெளிந்தவர்களில் ஒரு பகுதியினருக்கு மருந்தை நிறுத்திப் பார்த்தார்கள். அவர்களில் பாதிப் பேர் சுமார் 15 வாரங்களுக்குள் பாசி 90 நிலையை இழந்திருந்தார்கள்.

வேர் இருக்கிறது. செடி மட்டும் இல்லை.

நம் பக்திக் கதைகள் இப்படிப்பட்ட நடுநிலையைச் சொல்வதில்லை. குத்தாலம் என்று இன்று அழைக்கப்படும் திருத்துருத்தியில், உடலெங்கும் தோல் நோய் பற்றிய சுந்தரர் வடகுளத்தில் மூழ்கி எழுந்தபோது ஒளிரும் மேனியோடு எழுந்ததாகப் பெரியபுராணம் சொல்கிறது. கிருஷ்ணனின் மகன் சாம்பன் சூரியனை வழிபட்டுக் குட்டம் நீங்கியதாகப் புராணங்கள் சொல்கின்றன. ஒரே முழுக்கு, ஒரே தரிசனம், பிணி அற்றுப்போனது. அருளின் வேகத்தைச் சொல்ல அந்தக் கதைகளுக்கு அப்படி ஒரு முடிவு தேவைப்பட்டது. ஆனால் அந்த முடிவையே அளவுகோலாக வைத்துக்கொண்டு மருத்துவமனைக்குப் போகும் ஒருவருக்கு, ரெமிஷன் எத்தனை பெரிய வெற்றியாக இருந்தாலும் தோல்வியாகவே படும்.

எபிரேய மறை இன்னொரு கோணத்தைக் காட்டுகிறது. லேவியராகமத்தின் 13ஆம் அதிகாரத்தில் தோலில் மாற்றம் கண்டவர் ஆசாரியரிடம் போகிறார். ஆசாரியர் வைத்தியம் செய்வதில்லை. பார்க்கிறார், ஏழு நாட்கள் தனியே வைக்கிறார், மறுபடி பார்க்கிறார், பிறகு தீட்டா சுத்தமா என்று அறிவிக்கிறார். அவ்வளவுதான் அவர் வேலை. அங்கே சொல்லப்படும் நோய் இன்றைய தொழுநோய் மட்டும் அல்ல, சோரியாசிஸ் போன்ற பலவும் அதில் அடங்கியிருக்க வேண்டும் என்று பல மருத்துவ வரலாற்றாளர்கள் கருதுகிறார்கள். கிரேக்க மொழிபெயர்ப்பில் ‘லெப்ரா’ என்று ஆகி, அதுவே பின்னாளில் தொழுநோயின் பெயராகிவிட்டது. வியன்னாவின் தோல் மருத்துவர் ஹெப்ரா 1841இல் சோரியாசிஸைத் தொழுநோய்க் கணக்கிலிருந்து தெளிவாகப் பிரிக்கும் வரை, ஒன்றின் பழியை மற்றொன்று சுமந்தது. எத்தனை பேர் ஊருக்கு வெளியே வாழ்ந்து மடிந்தார்களோ! இன்றைய மருத்துவர் ‘கிளியர்’ என்று கோப்பில் எழுதும்போது, அந்தப் பழைய ஆசாரியரின் நாற்காலியில் ஒரு கணம் அமர்கிறார். குணமாவது ஒன்று, குணமாகிவிட்டதாகப் பிறரால் அறிவிக்கப்படுவது இன்னொன்று. நோயாளிக்கு இரண்டுமே வேண்டும்.

இதை எழுத்தில் கடைசிவரை துரத்தியவர் அமெரிக்க நாவலாசிரியர் ஜான் அப்டைக். சிறுவயதிலிருந்து சோரியாசிஸோடு வாழ்ந்தவர். வெயில் பட்டால் தோல் தெளியும் என்பதற்காகவே கடற்கரை உள்ள இப்ஸ்விச் ஊரில் குடியேறினார். தன் தோலை மன்னித்த ஒரு பெண் கிடைத்ததால் அவளை இழக்க அஞ்சி இளமையிலேயே மணம் செய்துகொண்டதாகத் தன்வரலாற்றில் எழுதினார். மன்னிப்பு என்ற சொல் அங்கே வந்து விழுந்தது தற்செயல் அல்ல. ரெமிஷன் என்ற ஆங்கிலச் சொல் மருத்துவத்துக்கு வருவதற்கு முன் தேவாலயத்தில் பாவமன்னிப்பாக இருந்தது. நம் சட்டத்தில் இன்றும் தண்டனைக் குறைப்பாக இருக்கிறது. தண்டனைக் குறைப்புப் பெற்று வெளியே வந்தவரின் குற்றத் தீர்ப்பு அழிவதில்லை, சிறைவாசம் மட்டும் முடிகிறது. 1976இல் அப்டைக் எழுதிய ‘ஒரு தொழுநோயாளியின் நாட்குறிப்பு’ என்ற பொருள்படும் சிறுகதையில், புதிய ஒளிச்சிகிச்சையால் தோல் தெளிந்த ஒரு குயவர் தன் கலைக் கூர்மையை இழக்கிறார், காதலும் அவரை விட்டு நழுவுகிறது. நோயே தன்னை உருவாக்கியது என்று நம்பிய ஒருவர், நோய் அடங்கியபின் தான் யார் என்று தெரியாமல் நிற்கிறார்.

அந்த ஒளிச்சிகிச்சையும் இந்தியாவுக்கு அந்நியம் அல்ல. 1974இல் அமெரிக்காவில் அறிமுகமான ‘பூவா’ முறையில் சோராலன் என்ற பொருளை உட்கொண்டு புற ஊதாக் கதிரில் நிற்க வேண்டும். அந்தப் பொருள் உள்ள கார்போகரிசியை நம் மருத்துவர்கள் வெண்புள்ளிக்காகப் பல நூற்றாண்டுகளாகப் பயன்படுத்தி வந்திருக்கிறார்கள்.

கனடாவின் சமூகவியலாளர் ஆர்தர் ஃபிராங்க் 1995இல் எழுதிய நூலில் ‘ரெமிஷன் சமூகம்’ என்று ஒரு மக்கள் திரளுக்குப் பெயரிட்டார். மாரடைப்பையும் புற்றுநோயையும் அடுத்தடுத்துக் கடந்தவர் அவர். நலமாக இருப்பவர்கள், ஆனால் குணமானவர்கள் என்று எவரும் சொல்ல முடியாதவர்கள்: நீரிழிவு மாத்திரை எடுப்பவர், இதயத்தில் ஸ்டென்ட் வைத்தவர், புற்றுநோய்ப் பரிசோதனைக்கு வருடாவருடம் போகிறவர். பஸ்ஸில் பக்கத்து இருக்கையில் இருந்தாலும் யாருக்கும் தெரியாது. பழைய உலகத்தில் ஒருவர் நோயாளி அல்லது நலமானவர். இன்று நம்மில் பெரும்பாலோர் இரண்டுக்கும் இடைப்பட்ட நாட்டின் குடிமக்கள். பிரெஞ்சுத் தத்துவவாதி கங்குயிலெம் 1943இலேயே, குணமடைதல் என்பது நோய்க்கு முந்தைய கள்ளமற்ற உடலுக்குத் திரும்புவது அல்ல, புதிய நியதிகளோடு வாழும் திறனைப் பெறுவது என்று வாதிட்டார்.

ஆனால் இந்தச் சிந்தனைக்காக ஐரோப்பாவரை போக வேண்டியதில்லை. ஆயுர்வேத ஆசிரியர் சரகர் நோய்களை வகுக்கும்போது எளிதில் தீர்வது, வருந்தித் தீர்வது, தீராதது என்பவற்றுக்கு நடுவே ஓர் இடம் ஒதுக்கினார். யாப்பியம் என்று அதற்குப் பெயர். மருந்தும் பத்தியமும் தொடரும்வரை அடங்கி நிற்கும், விட்டால் எழும். சுசுருதர் இதற்கு ஓர் உவமை சொல்கிறார்: சாயப்போகும் வீட்டுக்குச் சரியான இடத்தில் கொடுத்த முட்டுக்கால். வீடு நிற்கிறது, அதில் குடும்பம் வாழ்கிறது. முட்டுக்கால் தேவைப்படுவதால் அது வீடே அல்ல என்று யாரும் சொல்வதில்லை. சுப்பாராவ் உடற்கூறு கற்பித்த கல்லூரியின் மரபில் இந்தப் பாகுபாடு ஓர் அரிச்சுவடிப் பாடம். அவர் ஆய்வுக்கூடத்தின் மருந்து உலகுக்குத் தந்ததும் அதுவேதான்.

உடலில் இருந்து மனத்துக்கு வந்தால் கேள்வி இன்னும் கூர்மையாகிறது. ஐந்தாம் நூற்றாண்டில் அனுராதபுரத்தின் மகாவிகாரையில் புத்தகோசர் தொகுத்த ‘விசுத்திமக்கம்’ மனமாசுகள் நீங்கும் விதங்களைப் பிரித்துச் சொல்கிறது. தியானத்தால் மாசு அமிழ்த்தப்படுவது விக்கம்பனம். ஞானத்தால் அது வேரறுக்கப்படுவது சமுச்சேதம். ஆழ்ந்த தியானத்தில் இருப்பவரிடம் கோபத்தின் சுவடு தெரியாது. ஆனாலும் அனுசயம் என்ற உறங்கும் போக்கு உள்ளே இருக்கிறது, தூண்டுதல் கிடைத்தால் எழும். பதஞ்சலியின் யோக சூத்திரமும் மனக்கிலேசங்கள் உறங்கும், மெலியும், இடைவிட்டு வரும், முழுவீச்சில் எழும் என நான்கு நிலைகளைச் சொல்கிறது. ஸ்டாக்ஹோம் ஆய்வாளர்கள் நுண்ணோக்கியில் கண்ட நினைவுச் செல்களை அனுசயம் என்று அழைத்தால், பழைய பிக்கு ஒருவருக்கு விளக்கமே தேவைப்படாது. பௌத்தத்தின் விடை கறாரானது: அமிழ்த்தல் நல்லது, ஆனால் விடுதலை அல்ல. வேர் அறும்வரை பயணம் முடியவில்லை.

சைவ சித்தாந்தம் வேறு விடை சொல்கிறது. பதின்மூன்றாம் நூற்றாண்டில் திருவெண்ணெய்நல்லூர் மெய்கண்டார் பன்னிரண்டே சூத்திரங்களில் சிவஞானபோதத்தை அமைத்தார். அந்த மரபில் இறைவன், உயிர், பாசம் மூன்றும் அநாதி. பாசத்தின் மூலமான ஆணவ மலம் யாரும் சம்பாதித்தது அல்ல. உயிரோடு தொடக்கமே இல்லாமல் கூடியிருப்பது. தொடக்கம் இல்லாததற்கு அழிவும் இல்லை. அப்படியானால் முத்தியில் ஆணவம் என்னாகிறது? அழிவதில்லை என்கிறார்கள் சித்தாந்திகள், தயங்காமல். அதன் சத்தி மடங்குகிறது. உயிரை மறைக்கும் வலிமையை அது இழக்கிறது. மலம் இருக்கிறது, மறைப்பு இல்லை. அந்த நிலைக்குப் பெயர் விடுதலை. குறையுள்ள விடுதலை என்றோ, தற்காலிக ஏற்பாடு என்றோ அல்ல. விடுதலை என்றே.

அதோடு நிறுத்தவில்லை மெய்கண்டார். பதினொன்றாம் சூத்திரத்தில் உயிர் இறைவன் திருவடியை அடைந்துவிடுகிறது. நூல் அங்கேயே முடிந்திருக்கலாம். ஆனால் பன்னிரண்டாம் சூத்திரம் ஒன்று இருக்கிறது. உடலோடு இருக்கும்போதே முத்தி பெற்றவர் தினமும் என்ன செய்ய வேண்டும் என்று அது சொல்கிறது: மலத்தைக் கழுவிக்கொண்டே இருக்க வேண்டும், அன்பரோடு கூடியிருக்க வேண்டும், அடியார் வேடத்தையும் ஆலயத்தையும் தொழ வேண்டும். அடைந்தாயிற்றே, இன்னும் எதற்கு? மலத்தின் பழைய வாசனை மீண்டும் வந்து தாக்காமல் இருப்பதற்காக என்று உரையாசிரியர்கள் விளக்குகிறார்கள். விடுதலையும் அன்றாடப் பராமரிப்பும் ஒன்றுக்கொன்று பகை அல்ல என்பதை இத்தனை நிதானமாகச் சொன்ன தத்துவம் வேறு உண்டா என்று தேடத்தான் வேண்டும். ‘மருந்து எடுத்துக்கொண்டிருக்கும்வரை நான் நோயாளிதானே’ என்று குமைபவருக்கு, எழுநூறு ஆண்டுகளுக்கு முன்பே எழுதப்பட்ட மறுமொழி அது.

இந்த ஒப்புமைக்கு எல்லை உண்டு. சோரியாசிஸ் ஆன்மாவின் அழுக்கு அல்ல, மரபணுவும் நோய் எதிர்ப்பு மண்டலமும் சூழலும் சேர்ந்து உண்டாக்குவது. அகத்தியர் பேரில் வழங்கும் ‘கன்ம காண்டம்’ போன்ற நூல்கள் தோல் நோய்களை முற்பிறவித் தீவினையோடு முடிச்சுப் போடுகின்றன. அந்த முடிச்சு நோயாளிகளுக்கு இழைத்த தீங்கு கொஞ்சமல்ல. படையின் அரிப்பை மருந்து தணிக்கும். ‘என்ன பாவம் செய்தாயோ’ என்ற உறவினரின் பார்வையை எது தணிக்கும்? சித்தாந்தத்திலிருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது வினைக்கணக்கை அல்ல. யார் மேலும் குற்றம் சுமத்தாமல் ஒரு குறையின் இருப்பை ஒப்புக்கொள்ளலாம், அது இருக்கும்போதே ஒருவர் முழுமையாக வாழலாம் என்ற தெளிவைத்தான்.

அந்தத் தெளிவு இல்லாத இடத்தில் வியாபாரம் நுழைகிறது. ‘சோரியாசிஸை வேரோடு அறுப்போம், மீண்டும் வராது’ என்ற விளம்பரப் பலகைகள் எல்லா ஊர்ப் பேருந்து நிலையத்தின் பக்கத்திலும் உண்டு. பெயர் ஒட்டாத பொடிகளிலும் மாத்திரைகளிலும் ஸ்டீராய்டு கலந்து கொடுப்பது தோல் மருத்துவர்கள் அடிக்கடி எதிர்கொள்ளும் கொடுமை. சில வாரங்களில் தோல் பளிச்சென்று தெளியும். நோயாளி மகிழ்ந்து மருந்தை நிறுத்துவார். திடீரென்று ஸ்டீராய்டை நிறுத்தும்போது நோய் முன்னிலும் மூர்க்கமாக, சில சமயம் உடலெங்கும் சீழ்க்கொப்புளங்களாக வெடித்துக் கிளம்பும். தீவிர சிகிச்சைப் பிரிவு வரை போனவர்கள் உண்டு. இத்தனைக்கும் மூலம், அடங்கியிருப்பதை வெற்றி என்று ஏற்க மறுத்து, வேரறுப்பை மட்டுமே கேட்கும் மனம். வெயிலில் ஊறி ஊதா நிறமேறிய வெட்பாலைத் தைலத்தை நம்பிக்கையோடு தடவி நிம்மதி காண்பவர்கள் பலர் இருக்கிறார்கள். அவர்களுக்கும் அதைத் தந்த நல்ல சித்த மருத்துவர் ‘பத்தியத்தோடு தொடருங்கள்’ என்றுதான் சொல்லியிருப்பார்.

வேரறுக்கும் முயற்சியை விஞ்ஞானம் கைவிட்டுவிடவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். நோய் தொடங்கி இரண்டு ஆண்டுகளுக்குள் வலுவான சிகிச்சை பெற்றவர்களிடம் மருந்தை நிறுத்திய பின்னும் தெளிவு நீண்ட காலம் நிற்கிறதா என்று ஐரோப்பாவில் ஆராய்ந்திருக்கிறார்கள், முடிவுகள் நம்பிக்கை தருகின்றன. நினைவுச் செல்கள் குடியேறி வேர்பிடிக்கும் முன்பே தடுத்துவிடலாமா என்பதுதான் அந்தத் தேடல். புத்தகோசரின் சமுச்சேதம் என்றாவது ஒருநாள் ஆய்வுக்கூடத்தில் சித்திக்கலாம். அதுவரை வாழ்க்கையை ஒத்திவைக்க முடியாது.

இன்னொரு கேள்வி பணம். மெத்தோட்ரெக்சேட் மாத்திரை சில ரூபாய்தான். உயிரி மருந்துகளுக்கு மாதம் பல ஆயிரம் ரூபாய் ஆகும். தொடரும் சிகிச்சையில்தான் ரெமிஷன் நிற்கிறது என்றால், தொடர முடியாத ஏழைக்கு ரெமிஷன் என்பதே மறுக்கப்படுகிறது. பாசி 100 தரும் மருந்து உலகத்தில் இருக்கிறது, பக்கத்துத் தெரு நெசவாளிக்கு எட்டவில்லை என்றால் அது மருத்துவத்தின் தோல்வி அல்ல, நம் கூட்டு மனச்சாட்சியின் தோல்வி. அரசுக் காப்பீட்டுத் திட்டங்கள் அறுவை சிகிச்சைக்குக் காட்டும் அக்கறையை நாள்பட்ட தோல் நோய்களின் தொடர் மருந்துக்கும் காட்ட வேண்டும்.

எண்களும் முழு உண்மையைச் சொல்வதில்லை. 1994இல் கார்டிஃப் நகரின் ஃபின்லேயும் கானும் பத்தே கேள்விகளில் ஒரு வினாத்தாள் அமைத்தார்கள். கடந்த ஒரு வாரத்தில் உங்கள் தோல் உங்களைக் கூச வைத்ததா, என்ன உடை உடுத்துவது என்பதை அது தீர்மானித்ததா, நண்பர்களோடும் துணையோடும் உள்ள உறவைப் பாதித்ததா என்று அது கேட்கிறது. பாசி மதிப்பெண் மிகக் குறைவாக இருந்தும் இந்த வினாத்தாளில் துவண்டு கிடப்பவர்கள் உண்டு, ஏனென்றால் மிச்சமிருந்த ஒரே படை முகத்திலோ மறைவிடத்திலோ இருக்கும். நோய் அடங்கிவிட்டது என்று முடிவு சொல்லும் உரிமை மருத்துவரின் கண்ணுக்கு மட்டும் உரியதல்ல. அரைக்கைச் சட்டை போட்டுக்கொண்டு திருமண வீட்டுக்குப் போக முடிந்ததா என்பதும் ஒரு அளவுகோல்தான்.

எனவே தோல் மருத்துவர்களுக்கு ஒரு வேண்டுகோள். ‘இது போகாது’ என்று ஒற்றை வரியில் சொல்லி அனுப்பாதீர்கள். அடங்கும், அடக்கி வைக்க முடியும், அடங்கிய நிலையிலேயே படிக்கலாம், வேலை பார்க்கலாம், மணம் முடிக்கலாம், பிள்ளை பெறலாம் என்று சொல்ல ஐந்து நிமிடம் ஒதுக்குங்கள். மெத்தோட்ரெக்சேட் எடுப்பவர் ஆணோ பெண்ணோ, குழந்தைக்குத் திட்டமிடும் முன் கட்டாயம் ஆலோசிக்க வேண்டும் என்பதையும் அப்போதே சொல்லுங்கள். சோரியாசிஸ் உள்ளவர்களே, தோல் தெளிந்த மாதத்தில் மருந்தை நீங்களாக நிறுத்திவிடாதீர்கள். குறைக்கலாமா, இடைவெளி கூட்டலாமா என்று உங்கள் மருத்துவரிடம் கேளுங்கள். வீட்டில் இருப்பவர்களே, அவர்கள் தட்டையும் துண்டையும் தனியே வைக்காதீர்கள். அது தொற்றாது.